வடமீன் பதில் சொல்லாதவரை

என் பேர் வடமீன். சிரிக்க வேண்டியவர்கள் இப்போதே சிரித்து முடித்துவிடுங்கள். வடையும் மீனுமாகப் பிரித்து ஆறாம் வகுப்பிலிருந்தே ஆளாளுக்கு இலையில் பரிமாறியாயிற்று, "உங்கப்பா ஓட்டல்ல வேற என்னடி இருக்கு?" என்று கேட்டவளின் ஜாமெட்ரி பாக்ஸ் பள்ளிக்கூடத்துக் கிணற்றுக்குள் போயாயிற்று, அதற்காக நான் வெயிலில் முட்டி போட்டும் ஆயிற்று. புதிதாக யாரும் எதுவும் கண்டுபிடிக்கப் போவதில்லை.

பேர் வைத்தது அப்பா. பந்தல் வைரவன் என்றால் திருமயம் பக்கம் எல்லோருக்கும் தெரியும். முப்பது வருசமாகக் கல்யாணத்துக்குப் பந்தல் போடுகிறவர், ஏணி மேல் நின்று துணி இழுத்துக் கட்டுகிறவர், அந்த உயரத்திலிருந்து எல்லாக் கல்யாணத்திலும் ஒரே காட்சியைப் பார்த்தவர்: ஐயர் பெண்ணையும் மாப்பிள்ளையையும் முற்றத்துக்குக் கூட்டி வருவார், பட்டப்பகல் வெறும் வானத்தை விரலால் காட்டுவார், "அருந்ததி நட்சத்திரம் தெரியறதா?" என்பார், வெயிலில் கண் கூசி நிற்கிற பெண் "தெரியுது" என்பாள், மாப்பிள்ளை "தெரியுது" என்பான், சுற்றி நிற்கிறவர்கள் எல்லாம் தெரிந்த மாதிரி தலையாட்டுவார்கள், பந்திக்குப் போவார்கள். பகலில் நட்சத்திரம் எங்கே தெரியும்? முப்பது வருசம், முகூர்த்தத்துக்கு முகூர்த்தம் பொய். அப்பாவுக்கு அதில் கோபம் வரவில்லை. இத்தனை பேர் பார்க்காமலே பார்த்தேன் என்று சொல்கிற ஒன்று எவ்வளவு அழகாக இருக்க வேண்டும் என்றுதான் தோன்றியிருக்கிறது. நான் பிறந்தபோது, ஒரு சாவு வீட்டுக்குப் பந்தல் போடப் போன இடத்தில், அழுதுகொண்டிருந்த தமிழ் வாத்தியார் ஒருவரிடம் போய், அருந்ததிக்குப் பழைய பேர் என்ன என்று கேட்டாராம். வாத்தியார் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "வடமீன். வடக்கு வானத்துல மின்னுறது. மின்னுற எல்லாமே அப்ப மீன்தான், கடல்ல இருந்தா என்ன, மேல இருந்தா என்ன" என்று சொல்லிவிட்டு மறுபடியும் அழப் போனாராம்.

அம்மா சங்கீதா என்று வைக்கலாம் என்றாள். நல்லவேளை, வைக்கவில்லை. என் வகுப்பில் மட்டும் மூன்று சங்கீதா. வடமீன் என்று கூப்பிட்டால் இந்தத் தாலுகாவிலேயே திரும்பிப் பார்க்கிறவள் நான் ஒருத்திதான், அது ஒரு சுகம், அதை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் யாரும் அப்படிக் கூப்பிட்டதில்லை. வீட்டில் மீனு, பள்ளிக்கூடத்தில் வடை. முழுப்பேர் அப்பாவுக்குக் கோபம் வந்தால் மட்டும்தான் வெளியே வரும், அவர் 'ன்' சொல்லி முடிப்பதற்குள் நான் "என்ன?" என்று பாய்ந்துவிடுவேன். அதனால்தான் பதினாறு வருசமாக ஒன்றும் நடக்காமல் இருந்திருக்கிறது.

போன வருசம் தை மாசம், பூமாலை மஹால் முற்றத்தில் ஒரு கல்யாணத்தன்று, அப்பா என் பிளஸ் ஒன் மார்க்கைச் சமையல்காரர்கள் முன்னால் சொல்லிக் காட்டினார். நான் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டேன். கொஞ்ச நேரத்தில் ஏணி மேலிருந்த அவர் கையிலிருந்து கயிறு நழுவியது, "வடமீன்!" என்று கத்தினார், நான் வேண்டுமென்றே வாயைத் திறக்கவில்லை. நட்சத்திரம் வந்தது.

வடக்கே, தென்னைமரத்துக்கு மேலே, உப்புக்கல் அளவு, பதினொரு மணி வெயிலில் வெள்ளை வெளேர் என்று. சாம்பார் கிண்டிக்கொண்டிருந்த மாஸ்டர் கையைப் புருவத்துக்கு மேல் வைத்துப் பார்த்து, "வந்துடுச்சுப்பா" என்று சொல்லிவிட்டு, அடி பிடிக்குமே என்று திரும்பிவிட்டார். அந்த நேரம் ஐயர் வழக்கம்போல "தெரியறதா?" என்று கேட்டார், அந்தப் பெண் வழக்கம்போல "தெரியுது" என்றாள், அப்புறம் நிமிர்ந்து பார்த்து வேறு குரலில் இன்னொரு தடவை "தெரியுது" என்றாள். அப்பா, "காது அடைச்சுப் போச்சாடி?" என்றார். நான் "என்னப்பா?" என்றேன். பல்ப் அணைவது போல அது போய்விட்டது.

இவ்வளவுதான் விசயம். முழுப்பேர் சொல்லிக் கூப்பிட்டால் வரும், நான் பதில் சொல்லாதவரை நிற்கும், வாயைத் திறந்தால் போய்விடும். ஏன் என்று என்னைக் கேட்காதீர்கள், ஊரும் கேட்கவில்லை.

ஊருக்கு அதை வைத்து என்ன செய்யலாம் என்பதுதான் கேள்வி. மாசி முடிவதற்குள் நான் இல்லாமல் முகூர்த்தம் இல்லை என்று ஆகிவிட்டது, பத்திரிகையில் சாப்பாட்டு நேரத்துக்குக் கீழே "அருந்ததி தரிசனம் உண்டு" என்று அச்சடித்தார்கள், வீடியோக்காரர் பெரிய லென்ஸ் வாங்கி வந்து பார்த்தார், படத்தில் தென்னைமரம் மட்டும் விழுந்தது, பஸ்ஸ்டாண்டு டீக்கடை ராவுத்தர் வியாபாரம் மந்தமானால் கல்லாவிலிருந்தபடியே "வடமீன்!" என்று ஒரு குரல் கொடுத்துவிட்டு வேடிக்கை பார்ப்பார், அந்த வருசம் பிறந்த பெண் குழந்தைகளில் ஒன்பதுக்கு வடமீன் என்று பேர் வைத்துத் தொட்டிலைச் சுற்றி நின்று கூப்பிட்டுப் பார்த்தார்கள், பிள்ளைகள் வீரிட்டு அழுததுதான் மிச்சம். பங்குனியில் முகூர்த்த நாளில் நான் பள்ளிக்கூடம் போகவில்லை. சித்திரையில் முகூர்த்தம் இல்லாத நாளிலும் போகவில்லை. நட்சத்திரத்தின் மேல் பழி போடலாம், அம்மா போடுகிறாள். உண்மை என்னவென்றால் வேதியியல் எனக்கு ஓடவில்லை, ஒரு மூலையில் வாயை மூடிக்கொண்டு நிற்பது அதைவிடச் சுலபம் என்று நினைத்தேன்.

சுலபமில்லை. நான் வாயாடி. பட்டுப்பாவாடை கட்டி முற்றத்து மூலையில் நின்று, ஐயர் கூப்பிட்டதிலிருந்து எல்லாம் முடிகிறவரை உதட்டைக் கடித்துக்கொண்டு, கண் முன்னால் நடக்கிற அசட்டுத்தனத்தையெல்லாம் முழுங்க வேண்டும். முதலில் கொஞ்ச நேரம்தான். அருந்ததி என்றால் கற்பு என்று ஒரு மாப்பிள்ளையின் சித்திக்கு ஞாபகம் வந்த பிறகு நேரம் நீண்டது. "வாயால தெரியுதுன்னா யாரும் சொல்லலாம், எங்கன்னு கையைக் காட்டச் சொல்லுங்க" என்றாள் அவள். அன்றிலிருந்து அது சடங்காகிவிட்டது. பெண் மட்டும் காட்ட வேண்டும். மாப்பிள்ளையை யாரும் கேட்கவில்லை. அப்புறம் இன்னொரு வீட்டார், தாலிக்குப் பிறகு பார்த்து என்ன பிரயோஜனம், தாலிக்கு முன்னாலேயே பார்த்துவிடலாம் என்றார்கள். ஐயர், "சாஸ்திரத்துல அப்படி இல்லையே" என்றார். "பகல்ல நட்சத்திரம் வரும்னு இருக்கா சாமி?" என்றார்கள். அவர் மேல்துண்டை உதறிப் போட்டுக்கொண்டு சம்மதித்துவிட்டார்.

வைகாசியில் புஷ்பலதா என்று ஒரு பெண். ராத்திரி முழுக்க எதற்கோ அழுதிருக்கிறாள், கண் இரண்டும் வீங்கி மூடியிருந்தது. கையை இந்தப் பக்கம் காட்டினாள், அந்தப் பக்கம் காட்டினாள். அதோடு கல்யாணம் நின்றுவிட்டது. மத்தியானம் மூன்று மணி பஸ்ஸில் கல்யாணப் புடவையோடு ஏறிப் போனாள், நிற்க இடமில்லாத பஸ்ஸில் அவள் பக்கத்து சீட் மட்டும் காலியாக இருந்தது. அன்றைக்கும் நான் மூலையில் வாயை மூடிக்கொண்டுதான் நின்றேன். இதையும் எழுதிவிடுகிறேன், இல்லாவிட்டால் நான் நல்லவள் மாதிரி ஆகிவிடும்.

ஆவணியில் அக்காவுக்குக் கல்யாணம் குதிர்ந்தது.

அக்கா அலமேலு. மருந்துக்கடையில் வேலை, எறும்பு மாதிரி எழுத்தையெல்லாம் வாசித்து மாத்திரை எடுத்துக் கொடுப்பாள், கண்ணாடி போட்டால். கழற்றினால் எதிரில் நிற்பது நானா நாற்காலியா என்று கேட்பாள். பெண் பார்க்க வந்த அன்று அம்மா அந்தக் கண்ணாடியைக் கழற்றி அரிசி டிரம்முக்குள் போட்டுவிட்டாள். காரைக்குடி மாப்பிள்ளை, பேர் சிவநேசன், வந்தார், டிபன் சாப்பிட்டார், போனார். அவருடைய அம்மா விசாலம் போகும்போது, "எங்க வீட்டுக்கு ஒரு குறையும் இல்லாத பொண்ணா வேணும்னுதான் இத்தனை நாள் காத்திருந்தோம்" என்றார். அதற்கப்புறம் எப்படிச் சொல்வது? அம்மா என் கையைத் தன் தலையில் வைத்துச் சத்தியம் வாங்கினாள். "உன் வாய் இருக்கே, அதை மட்டும் கட்டி வையி. கல்யாணம் முடியட்டும், அப்பறம் புதுசா கண்ணு மங்கிருச்சுன்னு சொல்லிக்கலாம்."

"எல்லாரும் சேர்ந்து ஒரு மனுசனை ஏமாத்துறோம்" என்றேன்.

"நீ சும்மா இருடி" என்றாள் அக்கா. "அவர் முகம் எப்படி இருக்கும்னு எனக்கே தெரியாது. ஒரு சட்டை வந்து உட்கார்ந்துச்சு, எழுந்து போச்சு. நல்ல இஸ்திரி போட்ட சட்டை."

சிரித்தோம். ஆனால் தரிசனம் வேண்டாம் என்று அப்பா சொல்லிப் பார்த்தபோது விசாலம் அத்தை போனிலேயே சிரித்தார், "ஊரெல்லாம் நட்சத்திரம் காட்டுற வீட்டுல, சொந்தப் பொண்ணுக்கு மட்டும் வேணாம்னா நாங்க என்ன நெனைக்கிறது சம்பந்தி?" என்றார். அதற்கப்புறம் யாரும் சிரிக்கவில்லை.

அப்பா பந்தல்காரர் புத்தியில் ஒரு வழி கண்டுபிடித்தார். நட்சத்திரம் எப்போதும் பூமாலை மஹாலின் அந்தத் தென்னைமரத்துக்கு நேர் மேலேதான் வரும். அதன் அடியில் ஒரு மூங்கிலை நட்டு, உச்சியில் சிவப்புத் துணியைப் பெரிதாகக் கட்டிவிட்டால், கண்ணாடி இல்லாவிட்டாலும் சிவப்பு ஒரு திட்டாக அக்காவுக்குத் தெரியும். அதற்கு மேலே கையை நீட்ட வேண்டியதுதான். நான்கு சாயங்காலம் ஒத்திகை பார்த்தோம். நான்கு தடவையும் சரியாகக் காட்டினாள்.

இந்தத் தையில் கல்யாணம். அன்றைக்கு நானூறு பேர் முற்றத்தில். வெயில் ஏறியிருந்தது. அம்மா முன்வரிசையில், கைப்பையை அக்குளில் இடுக்கிக்கொண்டு. கண்ணாடி அந்தப் பைக்குள் இருந்தது, வீட்டில் வைக்க அம்மாவுக்குப் பயம். அப்பா ஏணி மேல், சிவப்புத் துணியின் முடிச்சைப் பிடித்துக்கொண்டு. அக்காவும் மாப்பிள்ளையும் மாலையோடு முற்றத்தின் நடுவில். தாலி இன்னும் தட்டில், அட்சதைக்கு மேல்.

ஐயர் என் பக்கம் திரும்பி, "வடமீன், வாம்மா" என்றார்.

நான் வாயை மூடிக்கொண்டேன். அது வந்தது.

தென்னைமரத்துக்கு மேலே வரவில்லை. இரண்டு ஆள் அகலம் கிழக்கே தள்ளி, தண்ணீர்த் தொட்டிக்கு மேலே வந்து நின்றது. ஒரு வருசமாக இடம் மாறாதது அன்றைக்கு மாறி நின்றது, நாங்கள் நட்ட மூங்கிலைப் பார்த்து முகத்தைத் திருப்பிக்கொண்ட மாதிரி. அப்பா ஏணியிலிருந்து பார்த்துவிட்டார். அவர் கை முடிச்சிலேயே நின்றுவிட்டது.

"எங்கம்மா இருக்கு, காட்டு" என்றார் விசாலம் அத்தை.

அக்கா சிரித்த முகமாக, ஒத்திகை பார்த்தபடி, அழகாகக் கையைத் தூக்கிச் சிவப்புத் துணிக்கு மேலே காட்டினாள்.

நாதஸ்வரக்காரர்கூட ஊதுவதை நிறுத்திவிட்டார். அக்காவுக்கு எதுவும் தெரியவில்லை, நீட்டிய கையோடு, சிரிப்போடு நிற்கிறாள்.

"இன்னொரு தடவை காட்டு" என்றார் அத்தை, மெதுவாக.

அக்கா அதே இடத்தைக் காட்டினாள்.

"பச்சப்புள்ளைக்குத் தெரியுது. இவளுக்குத் தெரியல. கண்ணு நல்லாத்தானே இருக்கு?" அத்தை கூட்டத்தைப் பார்த்துக் கேட்டார். "கண்ணு நல்லா இருந்தா, அப்ப வேற என்ன கோளாறு?"

எனக்கு நாக்கின் நுனியில் இருக்கிறது. அவளுக்குக் கிட்டப்பார்வை, அவ்வளவுதான், கண்ணாடி அம்மா பையில் இருக்கிறது, கொடுத்துப் பாருங்கள் என்று சொல்ல எனக்கு ஒரு மூச்சு போதும். ஆனால் நான் வாயைத் திறந்த அடுத்த நொடி நட்சத்திரம் போய்விடும். போனால், அலமேலு பார்க்கவே இல்லை என்பதுதான் நிற்கும், தங்கச்சிக்காரி வேண்டுமென்றே அணைத்துவிட்டாள் என்பார்கள், மறுபடி கூப்பிட்டுக் காட்டினாலும் முதலில் தெரியாதது தெரியாததுதான் என்பார்கள், புஷ்பலதா கல்யாணத்தில் அப்படித்தான் சொன்னார்கள், அதற்கப்புறம் மூன்று மணி பஸ்தான் என்பது எனக்குத் தெரியும். உதட்டைக் கடித்தேன். ரத்தம் வந்தது, உப்புக் கரித்தது. மூலையிலிருந்து நடந்தேன்.

வடமீன் மூலையை விட்டு நகர்ந்ததை ஊர் பார்த்ததில்லை. வழி விட்டார்கள். நேரே அம்மாவிடம் போய்ப் பையைப் பிடித்தேன். அம்மா விடவில்லை. "வேண்டாம்டி" என்றாள், சத்தமே வராமல். "மானம் போயிரும்டி." நான் இழுத்தேன், அவள் இழுத்தாள், நானூறு பேர் முன்னால், இரண்டு பேரும் ஒரு வார்த்தை பேசாமல். அப்புறம் அம்மா அக்காவைப் பார்த்தாள். அந்தக் கை இன்னும் மேலே நீட்டியபடியே இருந்தது, இறக்கச் சொல்லி யாரும் சொல்லாததால் இறக்கத் தெரியாமல். அம்மா பையைப் பிடுங்கிக்கொண்டு தானே ஜிப்பைத் திறந்தாள். கண்ணாடியை எடுத்து, ஒரு அரிசி ஒட்டியிருந்ததைப் புடவைத் தலைப்பால் துடைத்து, என் கையில் கொடுத்தாள்.

நான் போய் அக்காவின் முகத்தில் மாட்டினேன். நெற்றிச்சுட்டி இடித்தது, தள்ளிவிட்டு மாட்டினேன்.

"ஓகோ" என்றார் அத்தை. "ஓகோ. இதானா?"

அக்கா அவரைப் பார்க்கவில்லை. தலையை மெதுவாகத் திருப்பினாள், தென்னைமரத்திலிருந்து தொட்டிக்கு. நான் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். கையை நீட்டினாள். நேராக.

"அதோ. தொட்டிக்கு மேல" என்றாள். கொஞ்சம் நிறுத்தி, "ரெண்டு இருக்கு" என்றாள்.

"என்னது?"

"ரெண்டு இருக்கு அத்தை. பெருசு ஒண்ணு. பக்கத்துல ஒட்டிக்கிட்டு சின்னதா ஒண்ணு."

ஐயர் கண்ணைச் சுருக்கினார். சமையல் மாஸ்டர் கரண்டியோடு வெளியே வந்தார். ஒரு சின்னப் பையன், "ஆமா, பக்கத்துல ஒண்ணு!" என்று கத்தினான், அப்புறம் ஒவ்வொருத்தராக, அட ஆமா, ஆமா என்று. பெரியதுதான் வசிஷ்டர், ஒட்டியிருக்கிற சின்னதுதான் அருந்ததி என்றார் ஐயர், தனக்கே சொல்வது போல. ஒரு வருசமாக ஊரே அருந்ததி என்று கும்பிட்டதும், காட்டச் சொன்னதும், ஒருத்தியை பஸ் ஏற்றி அனுப்பியதும் வேறு ஒன்றைப் பார்த்து. நானும்தான். என் பேர்க்காரியை நானே அன்றைக்குத்தான் பார்த்தேன். அத்தனை சின்னது. அத்தனை பெரிய வெளிச்சத்துக்குப் பக்கத்தில் மங்காமல் இருந்தது. எனக்கு என் பேரின் மேல் அந்த நிமிசம் வந்த ஆசை அதற்கு முன் வந்ததில்லை.

"சரி சரி, தெரிஞ்சுதுல்ல" என்றார் விசாலம் அத்தை. குரல் இறங்கிவிட்டது. "கண்ணாடி விசயத்தை மறைச்சதை அப்பறம் பேசிக்குவோம். தாலியை எடுங்க சாமி. அதுக்கு முன்னாடி அதைக் கழட்டச் சொல்லுங்க, வீடியோ ஓடுது."

அம்மா மூச்சு விட்டாள். அப்பா ஏணியில் ஒரு படி இறங்கினார். முடிந்துவிட்டது என்று எல்லோரும் நினைத்தோம்.

அக்கா கண்ணாடியைக் கழற்றவில்லை. மாப்பிள்ளை பக்கம் திரும்பினாள். முதல் தடவையாக அவரைப் பார்த்தாள். நல்ல முகம்தான், பொய் சொல்ல மாட்டேன்.

"உங்களுக்கு எத்தனை தெரியுது?" என்று கேட்டாள்.

சாதாரணமான கேள்வி. ஒன்று என்றிருக்கலாம். இரண்டு என்றிருக்கலாம். எதுவும் தெரியவில்லை என்றாலும் அக்கா சிரித்திருப்பாள், எனக்குத் தெரியும். அவர் வானத்தை நிமிர்ந்தே பார்க்கவில்லை. அவருடைய அம்மாவின் முகத்தைத் திரும்பிப் பார்த்தார். அங்கே என்ன எழுதியிருக்கிறது என்று தேடினார்.

அந்த முகத்தை அக்கா தெளிவாகப் பார்த்தாள்.

மாலையைக் கழற்றினாள். கீழே போடவில்லை, பூ பாவம், மடித்து ஐயர் கையில் கொடுத்தாள். "மன்னிச்சுக்குங்க" என்றாள் மாப்பிள்ளையிடம். "கண்ணாடியை மறைச்சது எங்க தப்பு. அதுக்குத்தான் மன்னிப்பு. மத்ததுக்கு இல்ல."

அப்பா ஏணியிலிருந்து இறங்கி வந்து, கூட்டத்தை விலக்கி அவளுக்கு வழி செய்தார். முப்பது வருசம் பந்தல் கால் ஊன்றிய கை அது, விலக்கினால் விலகும். அம்மா அழுதாள். அழுதுகொண்டே அக்காவின் நெற்றிச்சுட்டியை நேராக்கினாள்.

முற்றம் மறுபடி கத்த ஆரம்பித்தது. விசாலம் அத்தையின் குரல் எல்லாவற்றுக்கும் மேலே வந்தது. "இதுக்கெல்லாம் காரணம் அந்த மூலையில நின்ன ஊமச்சிதான்! ஏய், வடமீன்!"

ஏற்கெனவே வந்து நிற்கிறதை இன்னொரு தடவை கூப்பிட்டார். நட்சத்திரம் அசையவில்லை. எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். ஒரு வருசமாக முழுங்கிய அத்தனையும் தொண்டைக்கு வந்து வரிசை கட்டி நின்றது: புஷ்பலதாவைப் பற்றி, மாப்பிள்ளைகளை ஏன் யாரும் கேட்கவில்லை என்பதைப் பற்றி, இனி எந்த மண்டபத்து மூலையிலும் நான் நிற்கப் போவதில்லை என்பதைப் பற்றி. ஒவ்வொன்றாகச் சொல்லலாம், நேரம் இருக்கிறது. முதலில் கூப்பிட்டதற்குப் பதில் சொல்ல வேண்டும்.

உதட்டு ரத்தத்தைப் புறங்கையால் துடைத்துக்கொண்டு அவர் முகத்துக்கு நேரே போய் நின்றேன்.

"என்ன?" என்றேன்.

பெரியது உடனே போய்விட்டது. சின்னது கொஞ்ச நேரம் இருந்துவிட்டுத்தான் போனது.